பொதுவாழ்வில் இருப்பவரை நேர்காணல் ஆவணப்படமாக எடுப்பது எப்படி? கோலாலம்பூரிலிருந்து ஒரு முழு வழிகாட்டி

நாற்பது வருடம் மேடை ஏறிய ஒருவரிடம் "உங்கள் வாழ்க்கையைப் பற்றிச் சொல்லுங்கள்" என்று கேட்டுப் பாருங்கள். தீபாவளி மலரிலும் வானொலிப் பேட்டியிலும் சங்க ஆண்டு விழாவிலும் சொன்ன அதே கதையைத்தான் சொல்லுவார். ரப்பர் தோட்டத்தில் பிறந்தது, மண்ணெண்ணெய் விளக்கில் படித்தது, பட்டணம் வந்தது, போராடியது, பட்டம் கிடைத்தது. எதுவும் பொய்யில்லை. ஆனால் சொல்லிச் சொல்லி மழுங்கிப் போன கதை. அதை அப்படியே பிடித்து, பின்னணியில் வீணை இசை சேர்த்தால், பாராட்டு விழாவில் சாப்பாட்டுக்கு முன் ஓடவிடும் காணொலி ஒன்று தயார்.

நம் மலேசியத் தமிழர்களிடம் அந்த வகைக் காணொலிக்குப் பஞ்சமே இல்லை. ஆளைக் காட்டும் படம்தான் இல்லை. நேதாஜியின் ஜான்சி ராணிப் பெண்கள் படையில் இருந்த ஜானகி ஆதி நாகப்பன் 2014-இல் போய்ச் சேர்ந்தார். பினாங்கின் எழுத்தாளர் ரெ. கார்த்திகேசு 2016-இல். பினாங்குப் பயனீட்டாளர் சங்கத்தின் எஸ்.எம். முகமது இத்ரிஸ் 2019-இல். அந்தத் தலைமுறையில் மிச்சமிருப்பவர்கள் செந்தூலிலும் கிள்ளானிலும் பட்டர்வொர்த்திலும் எண்பது, தொண்ணூறு வயதில் இருக்கிறார்கள். அவர்களில் ஒருவரை எடுக்க நினைப்பவர்களுக்காக இதை எழுதுகிறேன். மூன்று பேர் குழு, இரண்டு கேமரா, கையில் அதிகம் காசில்லை என்ற கணக்கில்தான் எல்லாம் சொல்லியிருக்கிறேன்.

படி 1: யாரை எடுப்பது, எப்போது எடுப்பது

எவ்வளவு பெரிய மனிதர் என்பதைப் பிறகு பார்க்கலாம். அவரிடம் இதுவரை யாரும் கேட்காதது ஏதாவது இருக்கிறதா என்று முதலில் பாருங்கள். ஓட்டக்காரர் டான்ஸ்ரீ எம். ஜெகதீசன் என்றால் எல்லாரும் 1966 பேங்காக் ஆசிய விளையாட்டில் வாங்கிய மூன்று தங்கத்தைக் கேட்பார்கள். எனக்கு 1964 டோக்கியோ ஒலிம்பிக்தான் கேட்கத் தோன்றும். 200 மீட்டரில் அரையிறுதி வரை போய் அதோடு நின்றார். அன்று இரவு சாப்பிட்டாரா, யாரோடு பேசினார், மறுநாள் காலை எழுந்ததும் என்ன செய்தார்? வெற்றியைப் பற்றிய பதில் எல்லாரிடமும் தயாராக இருக்கும். தோல்விக்கு மறுநாளைப் பற்றிய பதிலை யாரும் தயார் செய்து வைத்திருப்பதில்லை.

தேர்தலில் நிற்கப் போகிறவரைத் தேர்தல் நெருங்கும்போது எடுக்காதீர்கள். நீங்கள் என்ன நினைத்து எடுத்தாலும் அது பிரசாரப் படமாகத்தான் ஓடும். பதவியை விட்டு இரண்டு மூன்று வருடம் ஆனவர்களே தோது. கோபம் ஆறியிருக்கும், ஞாபகம் இன்னும் இருக்கும், பக்கத்தில் நின்று தடுக்க உதவியாளரும் இருக்க மாட்டார். வயதானவர் என்றால் மட்டும் இந்தக் கணக்கெல்லாம் வேண்டாம், இந்த மாதமே போய்விடுங்கள்.

படி 2: அவரைவிட அவர் கதையை நன்றாகத் தெரிந்துகொள்வது

படத்தின் பாதி வேலை இங்கேதான் நடக்கிறது. எழுபதுகளில் நடந்ததை அவர் ஒரு வருடம் முன்பின்னாகச் சொல்லுவார். அதைத் திருத்துவதற்காக இல்லை, அடுத்த கேள்வியைச் சரியான இடத்தில் போடுவதற்காகத்தான் நீங்கள் படித்து வைத்திருக்க வேண்டும்.

சிங்கப்பூர் தேசிய நூலகத்தின் பழைய நாளிதழ்த் தளத்திலிருந்து தொடங்குங்கள். ஸ்ட்ரெய்ட்ஸ் டைம்ஸ், தமிழ் முரசு இரண்டுமே அதில் உண்டு. வீட்டில் இருந்தபடியே தேடலாம், காசும் கிடையாது. சிங்கப்பூர் பத்திரிகைதானே என்று ஒதுக்கிவிடாதீர்கள். சிங்கப்பூர் பிரிவதற்கு முன்பு மலாயாச் செய்தி முழுக்க அதில் வரும், பிரிந்த பிறகும் நிறைய வந்தது. பெயரை ஒரே எழுத்துக்கூட்டலில் தேடாமல் நாலைந்து விதமாகத் தேடுங்கள். பழனியப்பன் ஆங்கிலப் பத்திரிகையில் எப்படியெல்லாம் சிதைந்து கிடப்பார் என்பது தேடினால்தான் தெரியும்.

அவர் நாடாளுமன்ற உறுப்பினராக இருந்தவர் என்றால் மக்களவை அறிக்கைகள் 1959 முதல் நாடாளுமன்றத் தளத்திலேயே கிடைக்கின்றன. அவர் எழுந்து பேசிய நாளில் யார் குறுக்கிட்டார், இவர் என்ன பதில் சொன்னார் என்பது வரை அப்படியே இருக்கும். ஜாலான் துவாங்கு அப்துல் ஹலீமில் உள்ள தேசிய ஆவணக் காப்பகத்துக்கு ஒருமுறையாவது போய்வாருங்கள். பழைய ஆள்கள் அந்தச் சாலையை இன்னும் ஜாலான் டூத்தா என்றுதான் சொல்லுவார்கள். 1924-இல் தொடங்கி 2019 ஜனவரியோடு நின்றுபோன தமிழ் நேசனின் பழைய இதழ்கள் வேண்டுமென்றால் பெரிய நூலகங்களில் நேரில் போய்த்தான் கேட்க வேண்டும். இணையத்தில் தேடிவிட்டு இல்லை என்று முடிவுகட்டாதீர்கள்.

தேடியதை எல்லாம் இரண்டு பக்கக் காலவரிசையாகச் சுருக்கிக்கொள்ளுங்கள். நாலைந்து புகைப்படங்களையும் பத்திரிகைத் துண்டுகளையும் பெரிதாக அச்செடுத்து வையுங்கள். அவை எதற்கு என்று கீழே சொல்கிறேன்.

படி 3: அணுகுவது

டத்தோ பட்டம் வாங்கியவரின் கைப்பேசி எண்ணைவிட அவருடைய உதவியாளரான பி.ஏ.வின் எண்தான் முக்கியம். ஒரே பக்கத்தில் கடிதம் எழுதுங்கள். யார் எடுக்கிறோம், எதற்கு எடுக்கிறோம், எவ்வளவு நேரம் வேண்டும், எங்கே காட்டுவோம் என்ற நாலும் போதும். "தங்கள் பொன்னான நேரத்தில்" என்று தொடங்கும் கடிதங்கள் அவர்கள் மேசையில் தினம் நாலு கிடக்கும்.

பட்டத்தை எழுதும்போது கவனம். டத்தோ, டத்தோ ஸ்ரீ, டான்ஸ்ரீ, துன் எல்லாம் வேறு வேறு. துணைவியாருக்கும் டத்தின், புவான் ஸ்ரீ, தோ புவான் என்று அதற்கேற்றபடி மாறும். கடிதத்தில் தவறினால் பி.ஏ. சிரித்துவிட்டுப் போவார். படத்தில் பெயர்ப்பட்டையில் தவறினால் பத்து வருடம் அப்படியே நிற்கும். எப்படிப் போட வேண்டும் என்று அவர்களிடமே எழுதி வாங்கிவிடுங்கள்.

அடுத்து, "கேள்விகளை அனுப்பி வையுங்கள்" என்று கேட்பார்கள். தலைப்புகளை அனுப்புங்கள், கேள்விகளை அனுப்பாதீர்கள். "தோட்டத்துப் பருவம், சங்க ஆண்டுகள், 1980-களின் பிளவு, குடும்பம்" என்ற அளவில் இருந்தால் போதும். சிக்கலான விஷயம் ஒன்று இருந்தால் அந்தத் தலைப்பையும் மறைக்காமல் போட்டுவிடுங்கள். கேமரா ஓடும்போது திடீரென்று எடுத்துவிட்டால் பெரிய மனிதர் திணறுவார் என்று சிலர் நினைக்கிறார்கள். அவர் திணற மாட்டார், எழுந்து போய்விடுவார்.

படத்துக்கு அவரோ அவருடைய அறவாரியமோ பணம் தருவதாகச் சொன்னால் நன்றி சொல்லி மறுத்துவிடுவதே நல்லது. சமூக ஆவணப்படங்களுக்குச் சிறு நிதி தரும் இடங்கள் உண்டு. 2003-இல் தொடங்கிய ஃப்ரீடம் ஃபிலிம் ஃபெஸ்ட் விழாவை ஒட்டிய நிதியுதவி அதில் ஒன்று. தேசியத் திரைப்பட மேம்பாட்டுக் கழகமான ஃபினாஸின் அறிவிப்புகளையும் அவ்வப்போது பார்த்துவாருங்கள்.

படி 4: கேமரா இல்லாத முதல் சந்திப்பு

இதை விட்டுவிட்டு நேரே படப்பிடிப்புக்குப் போகிறவர்கள்தான் அதிகம். அப்படிப் போகாதீர்கள். ஒரு மாலை வெறுங்கையோடு அவர் வீட்டுக்குப் போய் உட்காருங்கள். நோட்டுப் புத்தகத்தைக்கூடப் பையிலேயே வைத்திருங்கள். அவர் பேசட்டும், மேடைப் பேச்சு முழுவதையும் அன்றே கேட்டு முடித்துவிடுங்கள். கேட்டுவிட்டால், படப்பிடிப்பு நாளில் அதே கதைக்குள் அவர் நுழையும்போது, "இதை அன்னைக்கே சொன்னீங்க ஐயா, அதுக்கு முந்தின நாள் என்ன ஆச்சு?" என்று கேட்க உங்களால் முடியும்.

நல்ல கதை ஒன்று அன்றே வந்துவிட்டால் அதைத் தொடர்ந்து கிண்டாதீர்கள். "இதைக் கேமராவுக்கு வச்சுக்குவோம்" என்று சிரித்துக்கொண்டே நிறுத்திவிடுங்கள். இரண்டாம் முறை சொல்லும்போது பாதி உயிர் போய்விடும்.

அவரை எப்படிக் கூப்பிடுவது என்பதும் அன்றே முடிவாகிவிடும். டத்தோ என்றால் கடைசி வரை அலுவலக இடைவெளி இருக்கும். அங்கிள், அப்பா என்று இறங்கினால் நெருக்கம் வரும், ஆனால் கடினமான கேள்வி வரும்போது பிள்ளை அப்பாவிடம் கணக்குக் கேட்கிற மாதிரி ஆகிவிடும். ஐயா, அம்மா என்பதுதான் எனக்குத் தெரிந்து இரண்டு பக்கமும் தாங்கும். டத்தின் சமையலறையிலிருந்து எட்டிப் பார்த்து, "அது அப்படி இல்லைங்க" என்று திருத்தினால் அவரையும் குறித்துவைத்துக்கொள்ளுங்கள். படத்தின் இரண்டாவது முக்கியமான குரல் அவராக இருக்கலாம்.

வெளியே வருமுன் வீட்டை ஒரு சுற்று பார்த்துவிடுங்கள். எந்த அறையில் சன்னல் எந்தப் பக்கம், மின்விசிறி எங்கே, குளிர்பெட்டி எங்கே என்று.

படி 5: தாள்களும் அனுமதியும்

ஒப்புதல் கடிதத்தை அவர் படிக்கும் மொழியில் தயாரித்து, கேமரா ஓடுவதற்கு முன்பே கையெழுத்து வாங்குங்கள். படத்தை இறுதி செய்யும் உரிமை உங்களுடையது என்று அதில் தெளிவாக இருக்க வேண்டும். அவருக்குத் தரக்கூடியது ஒன்றுதான்: பெயர், ஆண்டு, பதவி போன்ற தகவல் தவறுகளைத் திருத்தும் வாய்ப்பு.

1981-ஆம் ஆண்டு ஃபினாஸ் சட்டத்தின் 22-ஆவது பிரிவு, உரிமம் இல்லாமல் படத் தயாரிப்பில் ஈடுபடக் கூடாது என்கிறது. சமூக ஊடகத்தில் போடும் காணொலிக்கும் இது பொருந்துமா என்ற கேள்வி 2020 ஜூலையில் நாடாளுமன்றத்தில் எழுந்து பெரிய சர்ச்சையானது. பிறகு அமைச்சர் இறங்கிவந்து, சாதாரணப் பயனர்கள் எப்போதும்போல் பயன்படுத்தலாம் என்றார். தொலைக்காட்சிக்கு விற்கும் எண்ணம் இருந்தால், உரிமம் உள்ள நிறுவனம் ஒன்றோடு சேர்ந்து செய்வதுதான் தலைவலி இல்லாத வழி. படப்பிடிப்புச் சான்றிதழ் எடுப்பதெல்லாம் அவர்களுக்குப் பழக்கமான வேலை.

தெருவில், பூங்காவில் எடுக்கக் கோலாலம்பூரில் மாநகர் மன்றத்தையும் பினாங்குத் தீவில் அங்குள்ள மாநகர் கழகத்தையும் கேட்க வேண்டும். எல்ஆர்டி, கேடிஎம் ரயில் நிலையங்களுக்குத் தனி அனுமதி. கோயிலென்றால் நிர்வாகத்திடம் கேளுங்கள். பத்துமலையில் எடுக்க நினைத்தால் கோலாலம்பூர் ஸ்ரீ மகாமாரியம்மன் தேவஸ்தானத்திடம் போக வேண்டும்.

படி 6: இடம், அதைவிட முக்கியமாகச் சத்தம்

படம் கொஞ்சம் மங்கலாக இருந்தாலும் பார்த்துவிடுவார்கள். பேச்சு கேட்கவில்லை என்றால் இரண்டு நிமிடத்தில் எழுந்து போய்விடுவார்கள். இந்த ஊரில் எதிரி எல்லாமே சத்தம்தான்.

காலை ஒன்பதரையிலிருந்து பன்னிரண்டரை வரை வைத்துக்கொள்ளுங்கள். பிற்பகலில் இடிமழை பிடித்தால், தகரம் போட்ட முன்கூரை உள்ள தாமான் (குடியிருப்புப் பேட்டை) வீட்டில் ஒரு வார்த்தை கேட்காது. ஏப்ரலும் அக்டோபர், நவம்பரும் இதற்கு மோசமான மாதங்கள். ஒரு மணியை ஒட்டியும் நாலரையை ஒட்டியும் பாங்கு சொல்லுவார்கள். அந்த நேரத்தில் கேள்வியை நிறுத்திவிட்டு மரியாதையோடு காத்திருங்கள், பேச்சோடு கலந்துவிட்டால் பிறகு வெட்டவே முடியாது. பிரிக்ஃபீல்ட்ஸில் ரயிலும் மோனோரயிலும் உண்டு. பினாங்கில் பாயான் லெப்பாஸ் பக்கம் விமானம். செபராங் பிறையில் சில கடைவீடுகளின் மேல்மாடியில் கூட்டுக்குருவியை வரவழைக்க ஒலிபெருக்கியில் ஓடவிடும் கீச்சுச் சத்தம் நாள் முழுக்க ஓயாது.

ஜார்ஜ்டவுனில் பழைய கடைவீடு கிடைத்தால் விடாதீர்கள். நடுமுற்றத்திலிருந்து இறங்கும் வெளிச்சம் முகத்துக்கு அவ்வளவு இதமாக இருக்கும். தெருவோர ஐந்தடி நடைபாதையில் எடுக்கும் ஆசையை மட்டும் அடக்கிக்கொள்ளுங்கள். மோட்டார் சைக்கிள்கள் உங்களைப் பேசவே விடாது.

அறைக்குள் வந்தால் மின்விசிறியும் குளிர்சாதனமும் பிரச்சினை. போட்டால் இரைச்சல், நிறுத்தினால் எண்பது வயதுக்காரருக்கு வியர்வை. ஒரு மணி நேரம் முன்னதாகவே குளிர்சாதனத்தை முழு வேகத்தில் ஓடவிட்டு அறையைக் குளிர வைத்து, பதிவின்போது நிறுத்துங்கள். அரை மணிக்கு ஒருமுறை இடைவேளை விட்டு மறுபடி போடலாம். குளிர்பெட்டியையும் நிறுத்த வேண்டும். நிறுத்தியதும் உங்கள் கார்ச் சாவியை அதற்குள் வைத்துவிடுங்கள். ஒலிப்பதிவாளர்களின் பழைய தந்திரம் இது. மறுபடி குளிர்பெட்டியைப் போடாமல் நீங்கள் வீடு போகவே முடியாது, டத்தின் வீட்டு மீன் குழம்பும் கெடாது.

படி 7: கேமராவும் ஒலிவாங்கியும்

நம் நாட்டு மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். அதனால் நொடிக்கு 25 பிரேம், ஷட்டர் நொடியில் 50-இல் ஒரு பங்கு என்று வையுங்கள். இணையத்து அமெரிக்கப் பாடங்களைப் பார்த்து 30-உம் 60-உம் வைத்தால் குழல்விளக்கு திரையில் துடிக்கும்.

முதல் கேமரா நெஞ்சளவில், 50 முதல் 85 மில்லிமீட்டர் லென்ஸில். இரண்டாவதைச் சற்றுப் பக்கவாட்டில் வைத்து முகத்தை நெருக்கமாகப் பிடியுங்கள். கேள்வி கேட்பவர் முதல் கேமராவின் லென்ஸுக்கு ஒட்டினாற்போல், அவர் கண் உயரத்தில் உட்கார வேண்டும். அரசியல்வாதிகள் பழக்கத்தில் லென்ஸைப் பார்த்து மக்களிடம் பேசத் தொடங்கிவிடுவார்கள். "என்கிட்டயே சொல்லுங்க" என்று ஒருமுறை சொன்னால் போதும்.

வெள்ளைச் சட்டையில் வந்தால் முகத்துக்கு வெளிச்சம் அளந்து, சட்டை எரிந்துவிடாத அளவுக்குக் குறையுங்கள். நுணுக்கமான கோடு போட்ட சட்டையும் சிறு கட்டம் போட்ட பாத்திக் துணியும் திரையில் நெளியும், முதல் நாளே சொல்லி வையுங்கள். கண்ணாடியில் விளக்கு தெரிந்தால் விளக்கை உயர்த்துங்கள். அப்படியும் போகாவிட்டால் கண்ணாடியின் காதுப்பகுதியை அரைவிரல் மேலே தூக்கிவிடச் சொல்லுங்கள்.

சட்டை ஒலிவாங்கியை முகவாய்க்கு ஒரு சாண் கீழே குத்துங்கள். பட்டுப்புடவை என்றால் உரசல் சத்தம் வரும். தாலிக்கொடியும் சங்கிலியும் ஒலிவாங்கியில் தட்டும். நல்லதாக ஏதாவது சொல்லும்போதுதான் மார்பில் கைவைத்துத் தட்டுகிற பழக்கமும் நம்மவர்களுக்கு உண்டு. அதனால் தலைக்கு மேல், சட்டகத்துக்குச் சற்று வெளியே இன்னொரு ஒலிவாங்கி கட்டாயம் இருக்க வேண்டும். 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட். ஒலியைக் கவனிப்பவர் காதில் ஹெட்போன் முழு நேரமும் இருக்கட்டும்.

முடிந்ததும் எல்லாரையும் அசையாமல் உட்காரச் சொல்லி, அறையின் வெறும் சத்தத்தை ஒரு நிமிடம் பதிவு செய்யுங்கள். எடிட்டிங்கில் வெட்டுகளை ஒட்டுப்போட அதுதான் உதவும்.

படி 8: கேள்விகள்

கருத்துக் கேட்டால் பேருரை வரும். பொருளைக் கேட்டால், இடத்தைக் கேட்டால், பக்கத்தில் இருந்த ஆளைக் கேட்டால் ஞாபகம் வரும். என் அனுபவத்தில் இந்த ஒன்றைப் பிடித்துக்கொண்டாலே பாதிக் கிணறு தாண்டிய மாதிரி.

செந்தூலில் ஓய்வுபெற்ற தொழிற்சங்கத் தலைவர் ஒருவரை எடுத்தோம். ஒரு பழைய தோட்ட வேலைநிறுத்தத்தைப் பற்றிச் சொல்லுங்கள் என்றதும், "தொழிலாளர் ஒற்றுமை என்பது..." என்று குரலை உயர்த்தித் தொடங்கிவிட்டார். கையும் தானாக மேசை தட்டும் பாவனைக்குப் போய்விட்டது. அவர் முடிக்கும் வரை காத்திருந்தோம். பிறகு, பத்திரிகையில் வந்த ஒரு படத்தின் பெரிய அச்சை அவர் மடியில் வைத்து, "உங்க பக்கத்துல குடை பிடிச்சுக்கிட்டு நிக்கிறது யாருங்கய்யா?" என்று மட்டும் கேட்டேன்.

கண்ணாடியைக் கழற்றினார். படத்தை முகத்துக்குக் கிட்டே கொண்டுபோனார். "இது... நம்ம பால்வெட்டுற அக்கா. அன்னைக்கு அவங்க பிள்ளைக்குக் காய்ச்சல். வர வேணாம்னேன், வந்துட்டாங்க." கொஞ்ச நேரம் எதுவும் பேசவில்லை. நாங்களும் பேசவில்லை. "வேலைநிறுத்தம் தோத்துச்சு. லயத்து வீட்டைக் காலி பண்ணச் சொல்லிட்டாங்க அவங்களை. அதுக்கப்புறம் நான் அந்தப் பக்கமே போகல." மேடையில் இதை அவர் ஒருநாளும் சொன்னதில்லை என்று அவர் மகள் பிறகு சொன்னார். குரலும் மேடைக் குரல் இல்லை, வீட்டில் பேசுகிற குரல்.

அந்த மௌனத்தில் நாங்கள் யாராவது "பரவாயில்லைங்கய்யா" என்றிருந்தால் அந்த இரண்டாவது பகுதி வந்திருக்காது. நமக்கு மௌனம் கூச்சமாக இருக்கும், ஏதாவது சொல்லி நிரப்பத் தோன்றும். பத்து நொடி பொறுங்கள். அவரே நிரப்புவார்.

வரிசை இப்படி இருக்கட்டும். முதலில் வாய் பழக, எளிதாக ஒன்று: காலையில் என்ன சாப்பிட்டீர்கள், இந்த வீட்டுக்கு எப்போது வந்தீர்கள். அப்புறம் சின்ன வயது. கடினமான கேள்வியை மூன்றில் இரண்டு பங்கு தாண்டியதும் வையுங்கள். முதலிலேயே வைத்தால் கதவு மூடிக்கொள்ளும், கடைசியில் வைத்தால் அவருக்குக் களைப்பு, நீங்களும் பறிப்பதற்காகக் காத்திருந்த மாதிரி ஆகிவிடும். கேட்கும்போது "உங்களைப் பற்றி இப்படிச் சொல்கிறார்களே" என்று யாரோ தலையில் கட்டாதீர்கள். தேதியோடு, நடந்ததைச் சொல்லிக் கேளுங்கள்: "அந்த வருஷம் கூட்டுறவுச் சங்கக் கணக்கில் உங்கள் கையெழுத்து இருக்கிறது. என்ன நடந்தது?"

உங்கள் குரல் படத்தில் வராது என்றால், பதிலுக்குள் கேள்வியும் இருக்க வேண்டும். "எந்த ஊர்?" என்று கேட்டால் "பத்தாங் பெர்ஜுந்தாய்" என்று மட்டும் வரும், அதை வைத்து ஒன்றும் செய்ய முடியாது. "நீங்கள் பிறந்த இடத்தைப் பற்றிச் சொல்லுங்கள்" என்றால் முழு வாக்கியம் கிடைக்கும். கேட்கும்போது "ம்ம்", "ஆமாங்க" என்று வாயால் சொல்லாமல் தலையை மட்டும் ஆட்டப் பழகுங்கள். தமிழர்களுக்கு இது ரொம்பக் கஷ்டம், ம் கொட்டாமல் கேட்டால் கேட்பதாகவே நமக்குத் தோன்றாது.

மொழியைக் கட்டுப்படுத்தாதீர்கள். "தூய தமிழில் சொல்லுங்கள்" என்றால் எழுதி வைத்ததைப் படிப்பவர் மாதிரி ஆகிவிடுவார். தமிழில் தொடங்கி மலாயில் ஒரு திட்டு, ஆங்கிலத்தில் ஒரு சட்டச் சொல், மறுபடி தோட்டத்துத் தமிழ் என்று போவதுதான் அவருடைய பேச்சு.

படி 9: மற்ற காட்சிகள், மற்ற குரல்கள்

தொலைபேசியில் பேசுவது போலவும் கோப்பைப் புரட்டுவது போலவும் நடிக்கச் சொல்லாதீர்கள். அவர் உண்மையிலேயே செய்வதைப் பின்தொடருங்கள். முன்னாள் சட்டமன்ற உறுப்பினர் ஒருவர் காலையில் சந்தைக்கு நடந்தால், நாலு பேர் வழிமறிப்பார்கள். ஒருவர் மகனுக்குச் சிபாரிசுக் கடிதம் கேட்பார். பதவி போய் இத்தனை வருடம் கழித்தும் அவர் "ஆகட்டும், கொண்டு வா" என்பார். இந்த ஒரு நிமிடம், அவரைப் பற்றி ஐந்து பேர் பாராட்டிப் பேசுவதைவிட அதிகம் சொல்லும்.

மற்ற குரல் என்றால் பாராட்டுபவர்களை மட்டும் தேடிப் போகாதீர்கள். கார் ஓட்டியவர், தட்டச்சு செய்தவர், எதிர்த்துப் போட்டியிட்டுத் தோற்றவர். இந்த மூன்றாமவர் பெரும்பாலும் நியாயமாகவே பேசுவார், தகவலும் கச்சிதமாக இருக்கும்.

வீட்டு ஆல்பத்தை அங்கேயே, சன்னல் வெளிச்சத்தில் ஒளிப்படம் எடுத்துக்கொள்ளுங்கள், வெளியே கொண்டுபோகாதீர்கள். பத்திரிகை எடுத்த படம் ஆல்பத்தில் இருக்கிறது என்பதால் அதன் உரிமை குடும்பத்துடையது ஆகிவிடாது. அதைத் தனியாகக் கேட்க வேண்டும். பழைய சினிமாப் பாட்டையும் பின்னணிக்கு நினைக்காதீர்கள். இங்கேயே இசை தெரிந்த இளைஞர்கள் இருக்கிறார்கள், அவர்களிடம் கேளுங்கள்.

படி 10: வெட்டுவது

நொடிக்கு 100 மெகாபிட் வேகத்தில் 4கே பதிவு செய்தால் ஒரு மணி நேரத்துக்கு 45 ஜிபி ஆகும். இரண்டு கேமரா, இரண்டு மணி நேரம் என்றால் 180 ஜிபி. அன்றிரவே இரண்டு தனித்தனி டிஸ்க்கில் நகல் எடுத்து, ஒன்றை வேறொருவர் வீட்டில் வையுங்கள். அதுவரை கார்டை அழிக்காதீர்கள்.

அப்புறம் முழுவதையும் நேரக் குறியீட்டோடு எழுதி எடுங்கள். மூன்று மொழி கலந்த பேச்சைத் தானியங்கி மென்பொருள் இன்னும் உளறித்தான் எழுதுகிறது, கையால் திருத்தாமல் முடியாது. அலுப்பான வேலைதான். ஆனால் படம் எங்கே இருக்கிறது என்பது இதைச் செய்யும்போதுதான் தெரியவரும். எழுதியதை அச்செடுத்து, மேடைக் குரலில் வந்ததை ஒரு நிறத்திலும் வீட்டுக் குரலில் வந்ததை இன்னொரு நிறத்திலும் கோடிடுங்கள். இரண்டாவது நிறத்திலிருந்து படத்தைக் கட்டுங்கள். முதல் நிறத்தில் ஒன்றிரண்டு போதும், மக்கள் அறிந்த மனிதர் யார் என்று காட்டுவதற்கு.

25, 30 நிமிடத்துக்கு மேல் போக நல்ல காரணம் வேண்டும். பேச்சை ஒட்டும்போது அர்த்தம் மாறிவிடக் கூடாது. பத்து நிமிட இடைவெளியில் சொன்ன இரண்டு வாக்கியங்களை ஒட்டி, அவர் சொல்லாத மூன்றாவது கருத்தை உண்டாக்குவது நேர்மையும் இல்லை, 1957-ஆம் ஆண்டு அவதூறுச் சட்டத்தின் முன் பாதுகாப்பும் இல்லை. இன்னொருவர்மீது அவர் குற்றம் சாட்டும் இடங்களில் ஆவணம் இருக்கிறதா என்று பாருங்கள். இனம், மதம், அரச பீடம் தொட்ட வரிகளை வழக்கறிஞர் ஒருவரிடம் காட்டிவிட்டே வையுங்கள்.

வசன வரிகளை மலாயிலும் போடுங்கள். பக்கத்து வீட்டு மலாய்க்காரருக்கும் சீனருக்கும் இவர் யார் என்று தெரிய வேண்டுமே.

படி 11: அவரிடம் காட்டுவது, ஊருக்குக் காட்டுவது

வெளியிடுமுன் அவருக்கு ஒருமுறை காட்டுங்கள். பி.ஏ., மருமகன், கட்சிக்காரர் யாரும் இல்லாமல் அவரும் துணைவியாரும் மட்டும். "இதை எடுத்துவிடலாமே" என்று ஓர் இடத்தில் கட்டாயம் சொல்லுவார். அது தகவல் தவறா, கூச்சமா, யாருக்காவது உண்மையில் தீங்கு வருமா என்று கேட்டுப் பிரித்துக்கொள்ளுங்கள். தவறு என்றால் திருத்துங்கள். தீங்கு என்றால் யோசியுங்கள். கூச்சம் என்றால் ஒரு வாரம் கழித்து மறுபடி பேசுங்கள், பெரும்பாலும் அதற்குள் அவர் பிள்ளைகள் பார்த்துவிட்டு "அதுதாம்பா நல்லாருக்கு" என்று சொல்லியிருப்பார்கள்.

மண்டபத்தில் திரையிடுவதை லேசாக எடுத்துக்கொள்ளாதீர்கள். இலங்கைப் போர் பற்றிய ஆவணப்படம் ஒன்றை 2013 ஜூலையில் கோலாலம்பூரில் திரையிட்ட மனித உரிமை ஆர்வலர்மீது, தணிக்கை செய்யாத படத்தைக் காட்டியதாக 2002-ஆம் ஆண்டுத் திரைப்படத் தணிக்கைச் சட்டத்தின் கீழ் வழக்குப் போட்டார்கள். 2017-இல் அவருக்கு 10,000 ரிங்கிட் அபராதம். கம்யூனிஸ்ட் தலைவர் சின் பெங் பற்றிய ஓர் ஆவணப்படமோ தணிக்கையில் தேறிய பிறகும் 2006-இல் உள்துறை அமைச்சின் தடைக்கு ஆளானது. உங்கள் படம் சாதுவாக இருக்கலாம். இருந்தாலும் தணிக்கை வாரியத்துக்கு அனுப்பி, தாளைக் கையில் வைத்துக்கொண்டு மண்டபத்தை முன்பதிவு செய்யுங்கள். முதல் காட்சியை நட்சத்திர ஹோட்டலில் வைக்காமல் அவர் படித்த தமிழ்ப்பள்ளியிலோ சங்கக் கட்டடத்திலோ வைத்தால், படத்தில் வரும் காலத்தில் வாழ்ந்த ஆள்கள் வந்து உட்காருவார்கள். காட்சி முடிந்ததும் ஒலிப்பதிவுக் கருவியை அணைக்காதீர்கள், அவர்கள் பேசத் தொடங்குவார்கள்.

படி 12: மிச்சத்தைப் பாதுகாப்பது

படத்தில் 25 நிமிடம்தான் வந்திருக்கும். வெட்டாத முழு நேர்காணலில் ஒரு நகலை, எழுதிய பிரதியோடு சேர்த்துக் குடும்பத்துக்குக் கொடுங்கள். அவர் சம்மதித்தால் தேசிய ஆவணக் காப்பகத்தையோ பல்கலைக்கழக நூலகம் ஒன்றையோ கேட்டு இன்னொரு நகலை அங்கே சேருங்கள். கோப்புகளுக்கு "டேக் 1, டேக் 2" என்று பெயர் வைக்காமல் ஆள் பெயர், தேதி, இடம் மூன்றையும் எழுதுங்கள். இந்த ஊர் ஈரக்காற்றில் டிஸ்க்கை அலமாரியில் சும்மா போட்டு வைக்கக் கூடாது. லென்ஸ் வைக்கும் ஈரம் உறிஞ்சும் பெட்டியிலேயே அதையும் வையுங்கள், வருடத்துக்கு ஒருமுறை எடுத்து இணைத்து ஓடுகிறதா என்று பாருங்கள், ஐந்தாறு வருடத்துக்கு ஒருமுறை புது டிஸ்க்குக்கு மாற்றிவிடுங்கள்.